வெள்ளித்தடிக்குப் பின்னால்

ஷ்ஷ்ஷ். வழி. ஷ்ஷ்ஷ். நாக்கைப் பல்லுக்குப் பின்னால் வைத்துக் கொஞ்சம் காற்றை விடுகிறேன், அவ்வளவுதான், வராந்தாவில் நிற்கிற கறுப்புக் கோட்டுகளெல்லாம் மழைக்கு ஒதுங்குகிற மாதிரி சுவரோரம் ஒதுங்கிக் கையைக் கட்டிக்கொண்டு தலையைக் குனிகின்றன, கட்சிக்காரர்கள் வாயில் இருந்த பேச்சை அப்படியே விழுங்குகிறார்கள், வளைவு மூலையில் உட்கார்ந்திருக்கிற புறாகூட ஒரு காலைத் தூக்கியபடி நின்றுவிடுகிறது. இது எனக்குக் கிடைக்கிற மரியாதை இல்லை, என் கையிலிருக்கிற வெள்ளித்தடிக்கும் இல்லை, பின்னால் வருகிறாரே அவருக்கு, நீதியரசர் ஞானசிகாமணிக்கு, இந்த உயர் நீதிமன்றத்தில் இன்றோடு வேலை முடிகிறவருக்கு. வருகிறாரா? கிறீச். வருகிறார். வலது கால் ஷூ, வைக்கும்போது ஒன்றுமில்லை, தூக்கும்போதுதான் கிறீச் என்று ஒரு முனகல், அந்தக் கிறீச்தான் எனக்கு ஐயா. நான், டபேதார் கன்னியப்பன், தடி ஏந்தி இத்தனை வருஷம் அவருக்கு முன்னால் நடந்திருக்கிறேன், அவர் நடந்து நான் பார்த்ததே இல்லை, நினைத்தால் சிரிப்பு வருகிறது, ஊரே பார்த்த நடையை நான் மட்டும் காதால் கேட்டிருக்கிறேன். முன்னால் போகிறவன் திரும்பக்கூடாது. எந்தச் சட்டப் புத்தகத்திலும் இது இல்லை, ஆனால் வெள்ளைக்காரன் காலத்திலிருந்து ஒரு டபேதாரும் திரும்பியதில்லை. பக்கத்துக் கோர்ட் டபேதார் காதர் பாஷா சொல்வான், "நாம திரும்பிப் பாத்துட்டா ஜட்ஜு மனுசனா ஆயிடுவாரு நைனா." அவன் விளையாட்டாகச் சொன்னது, இன்றைக்கு என் பிடரியில் ஊர்கிறது. கிறீச். மெல்ல நட, கன்னியப்பா. ஐயா மெல்ல நடக்கச் சொல்லியிருக்கிறார். முதல் நாள் எப்படி நடந்தார் தெரியுமா, நீதிபதியாகப் பதவி ஏற்ற முதல் நாள், வக்கீலாக ஓடிப் பழகிய கால், நான் தடியை எடுத்து வருவதற்குள் வராந்தாவில் விறுவிறுவென்று போய்க் கோர்ட்டுக்குள் நுழைந்துவிட்டார், தடி வராமல் ஆள் வந்ததால் ஒருத்தரும் எழுந்திருக்கவில்லை, ஒரு சீனியர் வக்கீல் இவரைப் பார்த்து, "தம்பி, அந்தப் பக்கம் போகக்கூடாது, அது ஜட்ஜ் உட்காருகிற இடம்" என்றாராம். நான் மூச்சிரைக்க ஓடி வந்து ஷ்ஷ் என்றேன். உடனே எல்லோரும் எழுந்தார்கள், அந்தச் சீனியர் மட்டும் எழுந்தவர் சாயங்காலம் வரைக்கும் உட்காரவே இல்லை. இதில் கடைசி வரி நான் சேர்த்தது. மற்றதெல்லாம் நிஜம்.

கிறீச். இருக்கிறார். காலையில் சேம்பரில் அவர் உட்கார்ந்திருந்த விதம் கண்ணைவிட்டுப் போகமாட்டேன் என்கிறது, நாற்காலியில் நிமிர்ந்துதான் உட்கார்ந்திருந்தார், ஆனால் மேஜை விளிம்பைப் பிடித்திருந்த கை வெளுத்திருந்தது, பேசும்போது ஒவ்வொரு சொல்லுக்கும் நடுவில் கிணற்றிலிருந்து வாளி ஏறுகிற மாதிரி மூச்சு ஏறியது. ஷூவை மாட்ட என்னைக் குனியச் சொன்னதே இல்லை அவர், இன்றைக்குச் சொன்னார். மண்டி போட்டுப் பார்த்தால் கால் காலாகவா இருக்கிறது, பலாச்சுளை மாதிரி ஊதிப் பளபளக்கிறது, விரலை வைத்தால் வைத்த இடம் குழியாக நிற்கிறது. "ஐயா, கால் இப்பிடி ஊதிக் கெடக்குதே, கேட்டாண்ட இருக்கிற டாக்டரக் கூப்பிடட்டுமாய்யா?" "டாக்டர் வந்தா என்ன செய்வாரு?" "ஆஸ்பத்திரிக்குப் போவச் சொல்லுவாரு." "படுக்கப் போடுவாரு. நாளைக்கு நான் ஜட்ஜ் இல்ல டே. இன்னைக்கு நான் அந்த நாற்காலியில உக்காந்து வாசிக்கலைன்னா எழுதின தீர்ப்பு வெறும் காகிதம். வேற ஒருத்தர் வந்து முதல்லயிருந்து கேக்கணும். அதுவரைக்கும் அந்தப் பையன் தூக்குக் கொட்டடியில பூட்டுத் திறக்கிற சத்தம் கேட்டா நமக்குத்தானோன்னு உக்காந்திருப்பான்." ஊர்ப் பேச்சு வந்துவிட்டால் ஐயா முடிவு செய்துவிட்டார் என்று அர்த்தம், திருநெல்வேலிப் பேச்சில் அவரை மறுத்துப் பேசிய ஆள் இந்தக் கட்டடத்தில் கிடையாது. "இழுத்துக் கட்டு" என்றார். இழுத்துக் கட்டினேன். கட்டும்போது பல்லைக் கடித்துக்கொண்டார், ஒரு சத்தம் இல்லை. முடிச்சு மேல் முடிச்சாகப் போட்டேன், அவிழ்ந்து தடுக்கி விழுந்துவிடக்கூடாதே என்கிற பயத்தில். எழுந்து நின்று தோளைச் சரி செய்துகொண்டு சொன்னார், "மெல்ல நட. நடுவுல என்ன ஆனாலும் திரும்பாத. நீ திரும்பினா வராந்தா பூராத் திரும்பும். ஸ்ட்ரெச்சர் வந்திரும். புரியுதா?" புரிகிறது ஐயா. புரிந்ததுதான் கழுத்தில் இரும்புப் பட்டை மாதிரி மாட்டிக்கொண்டிருக்கிறது. ஒரு துப்பாக்கிக்காரரையாவது பின்னால் வரவிட்டிருக்கலாம், அரசாங்கம் கொடுத்த பாதுகாப்பு ஆளை முதல் வாரமே காருக்குப் பக்கத்தில் நிறுத்திவிட்டார், "அந்தக் காருதான் ரொம்பப் பயப்படுது, அதைப் பாத்துக்கிடுங்க" என்று. இப்போது அவருக்குப் பின்னால் யாரும் இல்லை. முன்னால் நான் இருக்கிறேன், நான் பார்க்கக்கூடாது. பக்கத்தில் சனம் இருக்கிறது, அது தலையைக் குனிந்திருக்கிறது. இவ்வளவு மரியாதைக்கு நடுவில் ஒரு மனுஷன் இவ்வளவு தனியாகவா போவது?

ஷ்ஷ்ஷ். கொஞ்சம் நகருங்க சார். கிறீச். கேட்டுக்கொண்டே நட, பயம் வந்தால் கதையை நினை, கதை என்றால் உனக்கா பஞ்சம், ஐயாவைப் பற்றி நீ சொன்ன கதைகளை அடுக்கினால் இந்தக் கட்டடத்தின் கோபுரத்தில் போய் இடிக்கும். பெருமழை வருஷம் கோர்ட்டுக்குள் தண்ணீர் வந்தபோது ஐயா நாற்காலியின் மேல் சம்மணம் போட்டு உட்கார்ந்து வழக்குக் கேட்டதும், வக்கீல்கள் படகில் வந்து வாதாடியதும், ஒரு விரால் மீன் நீந்தி வந்து அவர் முன்னால் வாயைத் திறந்து திறந்து மூடியதும், என்னைக் குழம்பு வைக்கப் போகிறார்கள் என்று அது முறையிடுகிறதென்று ஐயா ஒருவர்தான் புரிந்துகொண்டு மீனுக்குத் தடையுத்தரவு கொடுத்ததும், அந்தத் தடையை இன்னும் யாரும் நீக்காததால் அந்த விரால் இன்றைக்கும் கூவத்தில் காலர் தூக்கிவிட்டுக்கொண்டு திரிவதும், இதை நான் கேன்டீனில் சொல்லி, கேன்டீன் குமாஸ்தாக்களிடம் சொல்லி, ஒருநாள் அது ஐயாவின் காதுக்கே போய்விட்டது. கூப்பிட்டார். வேலை போயிற்று என்று நினைத்தேன். கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார், அந்தப் பார்வைக்குச் சாட்சிக் கூண்டில் நின்றவன் தாத்தா செய்த தப்பைக்கூட ஒப்புக்கொள்வான். "நான் மீனுக்கு ஸ்டே குடுத்தேனாமே டே?" தலையைக் குனிந்தேன். "அடுத்த தடவை சொல்லும்போது, மீன்காரனுக்கு நோட்டீஸ் அனுப்பினேன்னும் சேத்துக்கோ. எதிர்த்தரப்பக் கேக்காம நான் எந்த மீனுக்கும் ஸ்டே குடுக்க மாட்டேன்." அவ்வளவுதான், ஃபைலைப் பார்க்கக் குனிந்துவிட்டார். வெளியே வந்து சுவரைப் பிடித்துக்கொண்டு நின்றேன், சிரிப்பா அழுகையா தெரியவில்லை. நான் விட்ட புளுகுக்குள்ளும் நியாயம் பிசகாமல் இருக்கவேண்டும் என்று பார்க்கிற ஆளை நீங்கள் எங்காவது கண்டதுண்டா? அன்றிலிருந்து கதையில் மீன்காரனும் வருகிறான், வக்கீல் வைத்து வாதாடுகிறான், தோற்றுப் போகிறான், பாவம். கிறீச். இருக்கிறார், இருக்கிறார்.

ஐயாவின் அப்பா ஸ்ரீவைகுண்டம் முன்சீப் கோர்ட்டில் அமீனா, கடன் கட்டாதவன் வீட்டுக்குப் போய்த் தமுக்கடித்துச் சாமான்களை வெளியே எடுத்து வைக்கிற உத்தியோகம், சின்ன வயதில் ஐயாவுக்குப் பள்ளிக்கூடத்தில் பெயரே ஜப்தி. ஜப்தி வர்றான், ஜப்தி வர்றான் என்று பையன்கள் விளையாட்டுச் சட்டிபானையைத் தூக்கிக்கொண்டு ஓடுவார்களாம். ஒரு வீட்டில் எல்லாவற்றையும் எடுத்த பிறகு தொட்டிலையும் எடு என்றானாம் கடன் கொடுத்தவன், எடுக்க மாட்டேன் என்று அமீனா பிடிவாதமாக நின்றாராம், மேலே புகார் போனதாம். இதை ஐயாவே ஒருநாள் காரில் போகும்போது சொன்னார், "எங்கப்பா அன்னைக்குச் சொன்னதுதான் டே நான் படிச்ச முதல் தீர்ப்பு." நான் அந்தத் தொட்டிலில் குழந்தையைப் போட்டு, அந்தக் குழந்தை அமீனாவைப் பார்த்து, தாத்தா எனக்கு வாய்தா வேண்டும் என்று கேட்டதாகச் சேர்த்துச் சொல்வேன். ஆனால் திருவல்லிக்கேணி மேன்ஷனில் ஒற்றைக் கட்டிலில் இருந்து சட்டம் படித்தது, சீனியரின் வழக்குக் கட்டுகளைத் தோளில் சுமந்து சுமந்து ஒரு தோள் இறங்கிப் போனது, அங்கி போட்டால் இன்றைக்கும் இடதுபக்கம் சரிகிறது, நீதிபதியான பிறகு காலையில் முதல் ஆளாக வந்து கடைசி ஆளாகப் போனது, அமைச்சர் வீட்டுக் கல்யாணத்துக்குப் போகாமல் அதே நாளில் அமைச்சருக்கு எதிராகத் தீர்ப்பு எழுதியது, தோற்றவன்கூட ஐயாவின் கோர்ட்டிலிருந்து வெளியே வரும்போது, போகட்டும், நான் சொன்னதை முழுசாகக் கேட்டார் என்று சொல்லிக்கொண்டு போனது, இதிலெல்லாம் நான் ஒரு சொல் சேர்த்ததில்லை. சேர்த்துப் பார்த்தேன், ஒட்டவில்லை. பானை நிறைந்திருந்தால் மேலே எதை ஊற்றுவது?

அதோ தூண். தூணுக்குக் கீழே அவள். அஞ்சலாட்சி, பண்ருட்டிப் பக்கம் முந்திரிக்காட்டு ஊர், வழக்கு நடக்கிற நாளெல்லாம் அந்தத் தூணில்தான் சாய்ந்திருப்பாள், அக்கா, தனகோட்டியின் அக்கா. தோப்புக்காரர் ஒருவரைப் பாட்டிலால் மண்டையில் அடித்துக் கொன்றதாகத் தனகோட்டிக்குக் கீழ்க்கோர்ட்டில் தூக்கு, பாட்டிலில் இருந்த விரல் ரேகை அச்சு அசல் அவனுடையது என்று சாட்சி. இங்கே இரண்டு நீதிபதிகள் சேர்ந்து கேட்டார்கள், ஒருவர் தூக்கு சரி என்றார், ஒருவர் விட்டுவிடு என்றார். அப்படி இரண்டாகப் பிளந்தால் மூன்றாவதாக ஒருவர் தனியே உட்கார்ந்து கேட்டு முடிவு சொல்லவேண்டும், அந்த ஒருவர் ஐயா. ஒரு பக்கம் கயிறு, ஒரு பக்கம் கதவு, நடுவில் ஒற்றை மனுஷர், அவருக்குக் கால் வீங்கியிருக்கிறது. சிறையிலிருந்து பையனைக் கூட்டி வரச் சொன்னார், யாரும் இப்படிச் செய்து நான் பார்த்ததில்லை, "கையைக் காட்டு" என்றார், மேஜை விளக்கை இழுத்து, எழுத்தைப் பெரிசாக்கிப் பார்க்கிற கண்ணாடியை அவன் விரல்மேல் வைத்து, ஒவ்வொரு விரலாக, கைரேகை ஜோசியம் பார்க்கிற மாதிரி, கோர்ட் முழுவதும் மூச்சு விடாமல் இருக்க, பார்த்தார். பக்கத்தில் நின்ற நானும் பார்த்தேன். ரேகையே இல்லை. ஆற்றில் கிடந்த கூழாங்கல் மாதிரி மழமழவென்று இருந்தது. முந்திரிக்கொட்டை வறுத்து உடைக்கிற கை, ஓட்டிலிருந்து கசிகிற எண்ணெய் தோலைத் தின்றுவிடுமாம். ஐயா கண்ணாடியைத் துடைத்து உறையில் போட்டார். தீர்ப்பில் என்ன எழுதினார் என்று தெரியாது, தட்டச்சு செய்த அம்மாவின் முகம் பூட்டின பெட்டி. விரலில் ரேகை இல்லாதது போதுமா, வேறு சாட்சி பலமாக இருந்தால்? எனக்கு என்ன தெரியும், நான் தடி தூக்குகிறவன். அஞ்சலாட்சியிடம் எனக்குத் தெரிந்ததையெல்லாம் கதையாகத்தான் சொல்லியிருக்கிறேன், அவள் சாப்பிடாமல் உட்கார்ந்திருப்பாளே என்று இடைவேளையில் போய் விரால் கதை, தொட்டில் கதை, ஐயா இருமினால் கடிகாரம் நிற்கிற கதை. "அப்புறம்?" என்பாள். ஒவ்வொரு கதைக்கும் முடிவில் ஒரு "அப்புறம்?" உண்டு. கடைசியில் சிரித்துவிட்டு, "யோவ் பெரியவரே, வாயத் தொறந்தா ஒரு உண்மை வருமாய்யா உமக்கு?" என்பாள். இன்றைக்குக் காலையில், "உள்ள வாம்மா, தீர்ப்பு இன்னிக்கு" என்றேன். "நான் வரல. இங்கிலீசுல படிப்பாங்க. மத்தவங்க மூஞ்சியப் பாத்துத்தான் தம்பி இருக்கானா போயிட்டானான்னு தெரிஞ்சிக்கணும். அந்த மூஞ்சிய இங்க இருந்தே பாத்துக்கிறேன்" என்றாள். இதோ அவளைத் தாண்டுகிறேன். ஷ்ஷ்ஷ். எல்லோரும் குனிந்திருக்கிறார்கள், அவள் மட்டும் குனியாமல் எனக்குப் பின்னால் பார்க்கிறாள். என்னத்தைப் பார்க்கிறாள்? அந்தக் கண்ணில் தெரிகிற மாதிரி இருந்தால் நன்றாக இருக்கும், கண்ணாடியில் தெரிகிற மாதிரி. தாண்டிவிட்டேன். கிறீச். கிறீச்.

கிறீ. இல்லை. நின்றுவிட்டது. இல்லை, சனத்தின் சத்தத்தில் கேட்கவில்லை. சனம் எங்கே சத்தம் போடுகிறது, நீதான் ஷ்ஷ் என்று அடக்கி வைத்திருக்கிறாயே. கேள். ஒன்றும் இல்லை. வியர்வை ஊறி ஷூ இளகிவிட்டிருக்கும், ஊதின கால் ஷூவை நிறைத்துவிட்டால் முனகல் எழும்பாது, சத்தம் நின்றால் ஆள் நின்றுவிட்டார் என்று அர்த்தமா, ஆள் விழுந்தால் சத்தம் கேட்குமே, ஐயா மாதிரி ஒரு ஆள் விழுந்தால் இந்தக் கட்டடம் சும்மாவா இருக்கும், கோபுரத்துக் கலங்கரை விளக்கு தெறித்திருக்காதா, துறைமுகத்துக் கப்பல்கள் சங்கு ஊதியிருக்காதா, பார், இப்போதுகூடக் கதை விடுகிறாய். மெல்ல உட்கார்ந்துவிட்டால்? சத்தமில்லாமல், ஒரு துணி சரிகிற மாதிரி? திரும்பு. திரும்பாதே. கழுத்து தானாகத் திரும்பப் பார்க்கிறது, தலைப்பாகைக்குள் ஈரம் இறங்குகிறது, தடியைப் பிடித்திருக்கிற கையில் வெள்ளி வழுக்குகிறது. நான் திரும்பினால் இத்தனை தலைகளும் நிமிர்ந்து திரும்பும், தூணைப் பிடித்துக்கொண்டு நிற்கிற ஒரு கிழவரைப் பார்க்கும், ஓடும், தூக்கும், விசிறும், தீர்ப்பு காகிதமாகிவிடும், அதன் பிறகு அந்தக் கொட்டடியில் பூட்டுச் சத்தம், பூட்டுச் சத்தம். திரும்பாவிட்டால்? ஐயா அங்கே கிடக்க, நான் இங்கே விறைத்துக்கொண்டு போகிறேன், பெண்ணை விட்டுவிட்டு மேளக்காரன் மட்டும் மண்டபத்துக்குப் போன மாதிரி. எது பெரிசு, ஐயாவா ஐயா சொன்னதா? அவரைக் கேட்டால் சொன்னதுதான் பெரிசு என்பார். அவரைக் கேட்கவும் முடியாது, கேட்கத் திரும்பவேண்டும். கால் போகிறது. கால் இந்த வழியை என்னைவிட நன்றாக அறியும். திருப்பம். படி. கதவுத் திரை. ஷ்ஷ்ஷ்.

எழுந்துவிட்டார்கள். நாற்காலிகள் பின்னால் நகருகிற ஒரே ஓசை, கறுப்பு அங்கிகள் ஒரே அசைவாக எழும்பி, கைகூப்பி, குனிகின்றன, என் தடிக்குப் பின்னால் இருக்கிறவருக்கு. நாற்காலிக்குப் பின்னால் போய் அதை இழுத்துப் பிடிப்பது என் வேலை, அதற்கு நான் சுற்றி வந்து திரும்பித்தான் ஆகவேண்டும், இந்தத் திரும்பல் செல்லும், இதற்கு வழக்கம் உண்டு. திரும்பினேன். யாரும் இல்லை. கதவுத் திரை அசைந்து அசைந்து நிற்கிறது. வெறும் வாசல். இந்த உயர் நீதிமன்றத்தில் இவ்வளவு படித்தவர்களும் எழுந்து நின்று குனிந்து கும்பிட்டது ஒரு காலி நாற்காலியை, நான் கூட்டி வந்தது வெறும் காற்றை. நிமிர்ந்தார்கள். பார்த்தார்கள். நீதிபதி உட்காராமல் யாரும் உட்காரக்கூடாது, நிற்கிறார்கள். கோர்ட் ஆபீசர் லலிதாம்பிகை அம்மா கீழே இருந்தபடியே உதட்டை அசைக்காமல் கேட்கிறார், "எங்கேப்பா?" நான் நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டு, அதில் உட்காரப் போகிறவர் என் பக்கத்திலேயே நிற்கிற மாதிரி விறைப்பாக நிற்கிறேன். இத்தனை காலம் சொன்ன புளுகெல்லாம் ஒன்றுமே இல்லை, இதுதான் பெரிய புளுகு, வாயைத் திறக்காமல் சொல்லிக்கொண்டிருக்கிறேன், ஐயா வந்துவிட்டார், ஐயா இருக்கிறார், இதோ உட்காரப் போகிறார். எவ்வளவு நேரம் நம்புவார்கள்? பின்வரிசையில் ஒருவர் இருமுகிறார். தனகோட்டியின் வக்கீல் நாக்கால் உதட்டை ஈரமாக்குகிறார். மின்விசிறி சுற்றுகிறது. அந்த நாற்காலியின் தோலில் ஐயா சாய்ந்து சாய்ந்து ஒரு பள்ளம் விழுந்திருக்கிறது, இடதுபக்கம் கொஞ்சம் ஆழம், இறங்கின தோளுக்குத் தக்கபடி. இவ்வளவு பெரிய அறைக்கு நியாயம் வந்துகொண்டிருந்தது இந்தச் சின்னப் பள்ளத்திலிருந்தா? கும்பிட்டது காலி நாற்காலியை இல்லையோ என்று தோன்றுகிறது, ஆள் இல்லாதபோதும் இங்கே ஏதோ இருக்கிறது. வாருங்கள் ஐயா. வந்துவிடுங்கள். இனி ஒரு கதை விடமாட்டேன், விரால்மீன் சத்தியம்.

திரை அசைந்தது. சத்தமே இல்லாமல் வந்தார். கிறீச் இல்லை, காலடி இல்லை, மேகம் வருகிற மாதிரி. அப்போதுதான் முதல்முறையாக நான் அவர் நடந்து பார்த்தேன். ஒரு கையால் சுவரைத் தடவிக்கொண்டு, மறு கையில் அங்கியை லேசாகத் தூக்கிக்கொண்டு, இடது தோள் சரிந்து, ஒவ்வோர் அடியையும் யாரோ ஏழைக்குக் கொடுக்கிற மாதிரி பார்த்துப் பார்த்து வைத்து. காலில் ஷூ இல்லை. சாம்பல் நிறக் காலுறை, அதில் ஒரு ஓட்டை, ஓட்டை வழியாகப் பெருவிரல். கீழே நிற்கிறவர்களுக்கு மேஜை மறைத்துவிடும், எனக்கு மட்டும் தெரியும், இந்த மாநிலத்தின் பெரிய கோர்ட் இப்போது ஒரு பெருவிரலின் மேல் நிற்கிறது. கும்பிட்டார், எல்லோருக்கும் பொதுவாக, உட்கார்ந்தார். பள்ளம் நிறைந்தது. மற்றவர்களும் உட்கார்ந்தார்கள். "தாமதத்துக்கு மன்னிக்கணும்" என்றார் தமிழில், பிறகு இங்கிலீஷில் வாசித்தார். மூச்சுக்கு நின்று நின்று. எல்லாவற்றையும் வாசிக்கவில்லை, கடைசிப் பகுதியை மட்டும், அதற்கே வாளி கிணற்றின் அடிவரைக்கும் போய்ப் போய் வந்தது. எனக்கு இங்கிலீஷ் முகத்தில்தான் புரியும், அஞ்சலாட்சி சொன்னது போலவே, வக்கீலின் முகத்தைப் பார்த்தேன், அது முதலில் கல்லாக இருந்தது, பிறகு தாடை நடுங்கியது, பிறகு அவர் கோர்ட் என்பதையும் மறந்து இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டார். ஐயா காகிதத்தைக் கீழே வைத்துவிட்டுத் தமிழில் சொன்னார், "ரேகை இல்லாத கையோட ரேகை பாட்டில்ல எப்படி வந்ததுன்னு அரசாங்கம் கடைசிவரைக்கும் சொல்லல. மத்த சாட்சியும் நிக்கல. தனகோட்டி விடுதலை." கையெழுத்துப் போட்டார். பேனாவை மூடினார். அதன் பிறகுதான் லலிதாம்பிகை அம்மாவைப் பார்த்து, மெதுவாக, ஒரு டம்ளர் தண்ணீர் கேட்கிற மாதிரி, "இப்ப டாக்டரக் கூப்பிடலாம்" என்றார்.

டாக்டர் வந்துவிட்டார், சேம்பரில் கால் நீட்டிப் படுக்க வைத்திருக்கிறார்கள், நாக்குக்கு அடியில் மாத்திரை, ஆம்புலன்ஸ் வாசலில் திரும்பிக்கொண்டிருக்கிறது. என்னைப் பார்த்ததும் கையை அசைத்துக் கூப்பிட்டார். "ஷூவ எடுத்துட்டு வந்திரு டே. தூணுகிட்ட ஒரு அம்மா இருக்கும். கழட்ட ஒத்தாசை பண்ணிச்சு. யாருன்னு தெரியாது, நான் கேக்கல." தடியைச் சுவரில் சாத்திவிட்டு வந்தேன். தடியில்லாமல் இந்த வராந்தாவில் நடக்க எனக்குத் தெரியவில்லை, கை எங்கே வைப்பது என்று தேடுகிறது, யாரும் ஒதுங்கமாட்டேன் என்கிறார்கள், தோளில் இடிக்கிறார்கள். தூண். அஞ்சலாட்சி. மடியில் ஷூ ஜோடி, முந்தானையால் துடைத்துக்கொண்டிருக்கிறாள், அந்த மழமழத்த கறுத்த விரல்களால். "இந்தாய்யா, நீ பாட்டுக்கு முன்னால போயிட்ட. அவரு தூணப் புடிச்சிக்கிட்டு நின்னுட்டாரு, மூச்சு வாங்குது, குனிய முடியல. சுத்தி நின்னவங்க பூரா தலையக் குனிஞ்சிக்கிட்டு நிக்கிறாங்க, ஒருத்தரும் பாக்கல. நான்தான் அவுத்துவுட்டேன். எவன்யா இப்பிடி முடிச்சு போட்டவன்? மாட்டக்கூட இப்பிடிக் கட்டமாட்டாங்க, பல்லால கடிச்சி அவுத்தேன்." நான்தான் என்று சொல்லவில்லை. "ஏம்மா, ஜட்ஜய்யான்னு தெரியுமில்ல? தம்பியப் பத்தி ஒரு வார்த்தை?" நிமிர்ந்து பார்த்தாள். "நல்லாக் கேட்டீரு. நிக்க முடியாம நிக்கிற மனுசங்கிட்ட என்னத்தக் கேக்கிறது? தண்ணி வேணுமான்னு கேட்டேன். வேணாம்மா, நேரமாயிட்டுன்னாரு. செவுத்துல கைய வச்சிக்கிட்டே போயிட்டாரு." உள்ளே அவர் காகிதம் தயாராக இருந்தது, அவளுக்குத் தெரியாது, வெளியே அவள் கை முடிச்சை அவிழ்த்தது, யார் கை என்று அவருக்குத் தெரியாது. இதை நான் கதையாகக் கட்டியிருந்தால் நானே நம்பமாட்டேன், ரொம்பப் பொருத்தமாக இருக்கிறதடா கிழவா, கொஞ்சம் கலைத்துவிடு என்பேன்.

"தம்பிய விட்டாச்சும்மா" என்றேன். கை துடைப்பதை நிறுத்தவில்லை அவள். "போய்யா. இன்னிக்கு வேணாம் உங்கதை." "விட்டாச்சும்மா." "அப்புறம்?" பழக்கத்தில் வந்துவிட்டது அவள் வாயில், கதை கேட்கிற அதே "அப்புறம்?" நானும் பழக்கத்தில் வாயைத் திறந்தேன், எதையாவது சேர்க்க, தீர்ப்பைக் கேட்டுக் கோபுரத்துப் புறாவெல்லாம் பறந்தது என்றாவது, ஐயா பேனாவை மூடின சத்தம் துறைமுகம் வரைக்கும் கேட்டது என்றாவது, நாக்கு நுனியில் எல்லாம் வந்து வரிசையாக நிற்கிறது, ஒன்றும் இறங்கமாட்டேன் என்கிறது. "அவ்வளவுதாம்மா" என்றேன். அவள் கை நின்றது. என் முகத்தைப் பார்த்தாள், கண்ணை, வாயை, மறுபடி கண்ணை. "மேல ஒண்ணுமில்லியா?" "இல்லம்மா." "மீனு, கீனு?" இல்லையென்று தலையை ஆட்டினேன். நான் ஒன்றும் சேர்க்கவில்லை என்பது அவளுக்கு மெல்ல மெல்ல உறைத்தது, அது உறைக்க உறைக்க அவள் உதடு கோணியது, அந்த ஷூ இரண்டையும் சேர்த்து அள்ளி மார்போடு அணைத்துக்கொண்டு, சத்தமில்லாமல், முன்னும் பின்னும் ஆடி ஆடி அழ ஆரம்பித்தாள். வக்கீல்கள் தாண்டிப் போகிறார்கள், யாரோ அவள் காலை மிதிக்கப் போனார், ஷ்ஷ்ஷ் என்றேன், தடியில்லாத வெறுங்கையோடு, ஒதுங்கிவிட்டார்கள். ஆம்புலன்ஸ்காரன் அங்கே சங்கு ஊதிப் பார்க்கிறான். ஷூவைக் கொடு தாயே என்று கேட்கவேண்டும், ஐயா சொல்லி அனுப்பியிருக்கிறார், ஐயா அங்கே வெறுங்காலோடு காத்துக்கொண்டிருக்கிறார். காத்திருக்கட்டும்.